பயாஸ் இல்லாமல் பிளேஸ்டேஷன் எழுமா? பழைய கன்சோல்களின் உள்நிரலைக் காப்பதும் போலச் செய்வதும்

சோனியின் பிளேஸ்டேஷன் விளையாட்டுக் கன்சோலைக் கணினியில் போலச் செய்து காட்டும் மென்பொருள்தான் எமுலேட்டர். அதை நிறுவிய பலரும் முதல் ஐந்து நிமிடத்திலேயே ஒரு செய்தியில் முட்டிக்கொண்டிருப்பார்கள்: பயாஸ் கோப்பு இல்லை. ஆன் செய்ததும் கன்சோலை எழுப்பிவிடும் உள்நிரலுக்குத்தான் பயாஸ் என்று பெயர். விளையாட்டின் சிடி கையில் இருக்கும். எமுலேட்டரும் இலவசமாகக் கிடைத்திருக்கும். ஆனால் எஸ்சிபிஎச்-1001 என்பதுபோல ஒரு மாடல் எண்ணையே பெயராகக் கொண்ட சின்னக் கோப்பு ஒன்று இல்லாமல் எதுவும் நகராது. எமுலேட்டரை எழுதியவர்கள் அதைக் கூடவே தருவதில்லை, எங்கே கிடைக்கும் என்றும் வாய் திறப்பதில்லை. உங்கள் சொந்தக் கன்சோலிலிருந்து எடுத்துக்கொள்ளுங்கள் என்று ஒரு வரி எழுதிவிட்டு ஒதுங்கிவிடுவார்கள்.

அந்தக் கோப்பின் அளவு 512 கிலோபைட். கைபேசியில் எடுக்கும் சாதாரணப் படம்கூட இதைவிடப் பெரிது. ஆனாலும் இதை ஒட்டி அமெரிக்காவில் ஒரு பெரிய வழக்கு நடந்திருக்கிறது. இதுபோன்ற சின்ன நிரல்களை வெளியே எடுக்க ஆட்கள் சிப்புகளை உரித்து நுண்ணோக்கியில் வைத்திருக்கிறார்கள். இதைப் பற்றிப் பேசும்போது இரண்டு வேலைகளை நாம் ஒன்றாகப் போட்டுக் குழப்பிக்கொள்கிறோம் என்பது என் எண்ணம். பழைய விளையாட்டை இன்றைய கணினியில் ஓடவைப்பது ஒரு வேலை. பழைய இயந்திரம் உண்மையில் எப்படி நடந்துகொண்டது என்பதைக் காத்துவைப்பது இன்னொன்று. முதல் வேலைக்கு அசல் பயாஸ் தேவைப்படாமலே போகலாம். இரண்டாவது வேலை அது இல்லாமல் நடக்காது.

சிப்புக்குள் என்ன இருக்கிறது

1994 டிசம்பர் 3 அன்று ஜப்பானில் விற்பனைக்கு வந்த பிளேஸ்டேஷனில் 2 மெகாபைட் நினைவகம், 33.87 மெகாஹெர்ட்ஸில் ஓடும் மிப்ஸ் வகைச் செயலி. சுவிட்சைப் போட்டதும் செயலி முதலில் படிப்பது போர்டில் இருக்கும், படிக்க மட்டுமே முடிகிற ஒரு ரோம் சிப்பை. சிடியின் முறை அதற்குப் பிறகுதான். வெள்ளைத் திரையில் எழும் சோனி சின்னம், கூடவே வரும் அந்த ஆழ்ந்த ஓசை, சிடி போடாமல் விட்டால் தோன்றும் மெமரி கார்டுத் திரை, பாட்டு சிடி கேட்கும் வசதி எல்லாம் அந்தச் சிப்பில் இருப்பவை. அந்தத் தொடக்க ஓசையை அமைத்தவர் சோனியின் தகாஃபுமி ஃபுஜிசாவா. எந்த விளையாட்டின் சிடியைத் துருவினாலும் அது கிடைக்காது. செகா ட்ரீம்காஸ்ட்டும் இப்படித்தான்: ரியுய்ச்சி சகமோட்டோ போட்ட தொடக்க இசை அதன் 2 மெகாபைட் பயாஸுக்குள் இருக்கிறது. விளையாட்டுகளை மட்டும் சேமித்து வைத்துவிட்டு பயாஸை விட்டுவிட்டால், அந்தத் தலைமுறை தினமும் கேட்ட ஓசைகள் சேகரிப்பில் இருக்காது.

இதெல்லாம் கண்ணுக்கும் காதுக்கும் எட்டுபவை. பெரிய வேலை உள்ளே நடக்கிறது. பிளேஸ்டேஷன் பயாஸ் தன் கெர்னலை, அதாவது கருவியை ஆளும் மைய நிரலை, நினைவகத்தின் முதல் 64 கிலோபைட்டில் கொண்டுபோய் வைத்துவிட்டு, விளையாட்டு ஓடி முடியும்வரை அங்கேயே உட்கார்ந்திருக்கும். கோப்பைத் திறப்பது, நினைவகம் ஒதுக்குவது, மெமரி கார்டில் எழுதுவது, கன்ட்ரோலரைக் கவனிப்பது என்று விளையாட்டு கேட்கும் பல வேலைகளை அது செய்து கொடுக்கும். கேட்கிற முறையும் எளிது. ஏ, பி, சி என்று மூன்று அட்டவணைகள். ஒவ்வொன்றிலும் எண்ணிட்ட வேலைகள். வேண்டிய எண்ணை ஒரு ரெஜிஸ்டரில் (செயலிக்குள் இருக்கும் சின்னச் சேமிப்பிடத்தில்) போட்டுவிட்டு அந்த அட்டவணைக்கான முகவரிக்குத் தாவினால் போதும்.

எல்லாக் கன்சோலும் இப்படி இல்லை. 1983இல் வந்த நின்டெண்டோ ஃபேமிகாமில் பயாஸே கிடையாது. கேசட்டைச் செருகி ஆன் செய்தால் செயலி நேராகக் கேசட்டில் இருக்கும் நிரலைப் படிக்கத் தொடங்கிவிடும். அமெரிக்காவுக்குப் போன என்இஎஸ் மாடலில் இருந்த பூட்டுச் சிப்பும் ஜப்பானிய மாடலில் இல்லை. 90களில் நம்மூர்க் கடைகளில் டிவி கேம் என்ற பெயரில் அடுக்கியிருந்த பெட்டிகள் பெரும்பாலும் இந்த ஃபேமிகாமின் நகல்கள்தாம். சர்க்யூட்டை அப்படியே செய்துவிட்டால் போதும், உள்ளே திருடுவதற்கென்று தனி மென்பொருள் எதுவும் இல்லை. அந்தப் பெட்டிகள் அவ்வளவு மலிவாகப் பெருகியதற்கு இதுவும் ஒரு காரணம். பிளேஸ்டேஷனை அப்படி நகலெடுத்து விற்க முடியாது. சோனியின் பதிப்புரிமை உள்ள அரை மெகாபைட்டையும் சேர்த்து நகலெடுக்க வேண்டியிருக்கும்.

256 பைட்

உள்நிரலை வெளியே எடுத்த கதைகளில் எனக்கு மிகவும் பிடித்தது கேம்பாயுடையது.

1989இல் வந்த நின்டெண்டோவின் கையடக்கக் கருவியான கேம்பாயை ஆன் செய்தால் நின்டெண்டோ என்ற எழுத்து மேலிருந்து மெதுவாக இறங்கி நடுத்திரையில் நிற்கும். டிங் என்று ஒரு சத்தம். பிறகு விளையாட்டு. இதைச் செய்வது செயலிச் சிப்புக்குள்ளேயே பதித்திருக்கும் 256 பைட் நிரல். இறங்கி வரும் அந்தச் சின்னத்தை அது தன்னிடமிருந்து எடுத்துக் காட்டுவதில்லை. கேசட்டிலிருந்து எடுத்துக் காட்டுகிறது. ஒவ்வொரு கேசட்டிலும் குறிப்பிட்ட இடத்தில் 48 பைட்டில் அந்தச் சின்னம் இருந்தாக வேண்டும். காட்டி முடித்ததும் தன்னிடம் உள்ள பிரதியோடு ஒப்பிடும். ஒரு பிட் வேறுபட்டாலும் அங்கேயே நின்றுவிடும். கேசட் இல்லாமல் ஆன் செய்தால் எழுத்துக்குப் பதில் ஒரு கருப்புப் பட்டை இறங்கி வந்து நிற்பது இதனால்தான்: வெறுமையான இணைப்பில் எல்லா பிட்டும் 1 என்றே படிக்கப்படுகிறது. கேசட்டின் உலோகப் பட்டைகளில் அழுக்கு ஏறியிருந்தால் சின்னம் கந்தலாக வருவதும், ஊதிவிட்டு மறுபடி செருகுவதும் இதே காரணத்தால்தான்.

இந்தச் சோதனை பொறியாளர்களைவிட வக்கீல்களுக்கே அதிகம் உதவியது. அனுமதி வாங்காமல் கேசட் செய்கிறவர், அது ஓட வேண்டுமென்றால் நின்டெண்டோவின் வணிக முத்திரையைத் தன் கேசட்டில் வைத்தாக வேண்டும். வைத்துவிட்டால் முத்திரையைத் தவறாகப் பயன்படுத்தினார் என்று வழக்குப் போடலாம். இந்தச் சட்டப் பொறியில் ஓர் ஓட்டை இருந்தது. தொடக்கத்தில் ஓடும் அந்த பூட் நிரல் சின்னத்தைக் காட்டுவதற்காக ஒரு முறையும் ஒப்பிடுவதற்காக இன்னொரு முறையும் தனித்தனியாகப் படிக்கிறது. முதல் முறை தங்கள் சின்னத்தையும் இரண்டாம் முறை நின்டெண்டோவின் சின்னத்தையும் நீட்டும் கேசட்டுகளைச் சிலர் செய்துவிட்டார்கள்.

வேலை முடிந்ததும் இந்த 256 பைட் நிரல் ஒரு முகவரியில் ஒரு மதிப்பை எழுதித் தன்னைத்தானே அணைத்துக்கொள்கிறது. அதன்பின் அதே முகவரிகளில் கேசட்டின் பைட்டுகள்தாம் தெரியும். மறுபடி ஆன் செய்யும்வரை எந்த விளையாட்டாலும் எந்த நிரலாலும் அதைப் படிக்க முடியாது. ஆக, கருவி வந்து 14 ஆண்டுகள் கழித்து, 2003இல்தான் அது வெளியே வந்தது. ஓர் ஆர்வலர் சிப்பின் மேலுறையை நீக்கி, உள்ளே இருக்கும் சிலிக்கானை நுண்ணோக்கியில் படமெடுத்து, ரோம் பகுதியில் இருக்கும் ஒவ்வொரு புள்ளியும் 0வா 1ஆ என்று பார்த்துப் படித்தார். 256 பைட் என்றால் 2,048 புள்ளிகள். பிறகு அந்த பிட்டுகளை இயந்திர மொழியாக அடுக்கிப் பார்த்தபோது, திரையில் எல்லாரும் பல ஆண்டுகளாகப் பார்த்துவந்த அந்தக் காட்சி வரிவரியாகக் கிடைத்தது.

அதுவரை எமுலேட்டர்கள் பூட் நிரலைத் தாண்டிக் குதித்தன. அது முடியும்போது ரெஜிஸ்டர்களில் என்ன இருக்குமோ அதை வைத்துவிட்டு நேராக விளையாட்டைத் தொடங்கின. பெரும்பாலான விளையாட்டுகளுக்கு அதுவே போதும். ஆனால் அந்த மிச்ச மதிப்புகளும் சும்மா கிடப்பவை இல்லை. ஏ ரெஜிஸ்டரில் முதல் கேம்பாய் 1ஐ விட்டுச் செல்லும், கேம்பாய் பாக்கெட் 255ஐ, கேம்பாய் கலர் 17ஐ. தான் எந்தக் கருவியில் ஓடுகிறோம் என்பதை விளையாட்டு இதை வைத்துத்தான் தெரிந்துகொள்கிறது.

கேம்பாய் கலரில் இன்னும் சுவாரசியம். பழைய கருப்பு வெள்ளைக் கேசட்டைப் போட்டால் அது வண்ணத்தில் காட்டும். எந்த விளையாட்டுக்கு எந்த வண்ணம் என்பது அந்தப் பழைய கேசட்டில் இருக்க வழியில்லை; பூட் ரோமுக்குள் ஒரு பட்டியல் இருக்கிறது. கேசட்டில் எழுதியிருக்கும் விளையாட்டுப் பெயரின் எழுத்துகளை எண்களாகக் கூட்டி, வரும் விடையைப் பட்டியலில் தேடும். இரண்டு விளையாட்டுக்கு ஒரே விடை வந்தால் பெயரின் நான்காம் எழுத்தைப் பார்த்துப் பிரிக்கும். போகிமான் ரெட் சிவப்புச் சாயலிலும் ப்ளூ நீலச் சாயலிலும் வருவது அப்படித்தான். இந்த ரோமை 2009இல் வெளியே எடுத்தார்கள். இம்முறை உரிக்கவில்லை, சரியான நொடியில் கடிகாரத் துடிப்பையும் மின்னழுத்தத்தையும் தடுமாறவைத்து, தன்னை அணைத்துக்கொள்ளும் கட்டளையைச் செயலி தவறவிடும்படி செய்தார்கள்.

கேம்பாய் அட்வான்ஸில் வேறு வகைக் காவல். அதன் 16 கிலோபைட் பயாஸ் எப்போதும் முகவரி வரிசையின் அடியில் இருக்கும். ஆனால் பயாஸுக்குள் இருக்கும் கட்டளை ஓடும்போது மட்டுமே அதைப் படிக்கலாம். வெளியிலிருந்து படித்தால் சம்பந்தமில்லாத மதிப்பு வரும். அப்படியானால் பயாஸையே படிக்கச் சொன்னால்? விளையாட்டுகளுக்காக பயாஸ் வைத்திருக்கும் பல வேலைகளில், இசைச் சுரத்தை அதிர்வெண்ணாக மாற்றித் தரும் வேலை ஒன்று உண்டு. ஒலித்தரவு எங்கே இருக்கிறது என்று ஒரு முகவரி கொடுத்தால் அங்கே போய் ஓர் எண்ணைப் படித்துக் கணக்குப் போடும். கொடுத்த முகவரி பயாஸுக்குள்ளேயே இருக்கிறதா என்று அது பார்ப்பதில்லை. முகவரியை நகர்த்தி நகர்த்திக் கேட்டே 16 கிலோபைட்டையும் வாங்கிவிட்டார்கள். கடினமான பூட்டை விட்டுவிட்டுக் காவலாளியிடமே சாவியைக் கேட்டு வாங்கியதுபோல.

மைக்ரோசாஃப்ட்டின் முதல் எக்ஸ்பாக்ஸில் இது இன்னும் சூடாக நடந்தது. ஃப்ளாஷ் சிப்பில் இருந்த பூட் நிரல் கண்துடைப்புக்காக வைத்தது. உண்மையான 512 பைட் வேறொரு சிப்புக்குள் புதைந்திருந்தது. அப்போது எம்ஐடியில் முனைவர் பட்ட மாணவராக இருந்த ஆண்ட்ரூ ‘பன்னி’ ஹுவாங், 2002இல் இரண்டு சிப்புகளுக்கு இடையே ஓடும் அதிவேகப் பாதையில் தானே செய்த ஒரு போர்டைப் பொருத்தி, போகிற போக்கில் அந்த பைட்டுகளைப் பிடித்தார்.

போலச் செய்தால் போதாதா

பயாஸின் வேலையை எமுலேட்டரே நேரடியாகச் செய்துவிடும் முறைக்கு எச்எல்இ என்று பெயர். விளையாட்டு ஏ அட்டவணையில் ஒரு வேலையைக் கேட்டால், மிப்ஸ் நிரல் எதையும் ஓட்டாமல் எமுலேட்டர் தன் கணினி மொழியில் அதே விடையைக் கொடுத்துவிடும். வேகமாக இருக்கும், சோனியின் கோப்பும் தேவையில்லை. அசல் நிரலையே ஒவ்வொரு கட்டளையாக ஓட்டுவது எல்எல்இ. காகிதத்தில் பார்த்தால் எச்எல்இயே லாபம். அது எங்கே சறுக்குகிறது என்பதற்கு பிளேஸ்டேஷனே நல்ல உதாரணம்.

சோனியின் பயாஸில் பிழைகள் இருந்தன. ரோமில் பதிந்து விற்றுப்போன பெட்டியைத் திருத்த முடியாது. இணையம் வழியாகப் புதுப்பிக்கும் காலமும் இல்லை. ஆகவே விளையாட்டு தயாரிப்பவர்களுக்குக் கொடுத்த நூலகங்களிலேயே மருந்தையும் சேர்த்துக் கொடுத்தார்கள். விளையாட்டு தொடங்கும்போது, சி அட்டவணை எங்கே இருக்கிறது என்று பயாஸிடமே கேட்கும். அங்கிருந்து குறுக்கீட்டைக் கையாளும் பகுதியின் இடத்தைப் பிடிக்கும். அங்கிருந்து இத்தனை பைட் தள்ளி என்று எண்ணிப் போய், நினைவகத்தில் இருக்கும் கெர்னல் கட்டளைகள் சிலவற்றின்மேல் பூஜ்யத்தையோ வேறு கட்டளைகளையோ எழுதிவிடும். அதாவது, ஆவணத்தில் சொன்ன வேலைகளை மட்டும் அது நம்பியிருக்கவில்லை; சோனியின் நிரல் எந்த பைட்டில் என்ன வைத்திருந்தது என்பதையும் நம்பியிருந்தது. எச்எல்இயில் அந்த இடத்தில் நிரலே இருக்காது. விளையாட்டு வெற்றிடத்தில் ஊசி போட்டுவிட்டு, சிகிச்சை நடந்ததாக நினைத்துக்கொண்டு மேலே போகும். பிறகு கன்ட்ரோலர் மக்கர் பண்ணும், மெமரி கார்டில் சேமிக்க முடியாது, அல்லது எதுவுமே நடக்காததுபோல் ஓடி மூன்றாம் கட்டத்தில் நிற்கும்.

சூப்பர் நின்டெண்டோவில் இதைவிட நுணுக்கமான ஓர் உதாரணம் உண்டு. அதன் சில கேசட்டுகளில் டிஎஸ்பி-1 என்ற கணக்குச் சிப் இருக்கும். என்இசி தயாரித்த செயலி, உள்ளே தனக்கென்று ஒரு ரோம். பைலட்விங்ஸ், சூப்பர் மாரியோ கார்ட் இரண்டிலும் முப்பரிமாணக் கணக்கைப் போட்டது அதுதான். உள்ளிருக்கும் நிரல் கைக்கு வராததால் எமுலேட்டர்கள் அதன் விடைகளைப் பார்த்து ஊகித்துப் போலச் செய்துவந்தன. அந்தச் சிப்பிலோ பிற்காலப் பதிப்பில் ஒரு கணக்குப் பிழையைத் திருத்தியிருந்தார்கள். பைலட்விங்ஸில் யாரும் விளையாடாதபோது தானாக ஓடும் செயல்விளக்கக் காட்சி, பழைய பிழையை வைத்துப் பதிவு செய்தது. திருத்திய டிஎஸ்பி-1பி சிப் உள்ள கேசட்டில் அதே காட்சியில் விமானம் தரையில் மோதி நொறுங்கும். எது சரியான நடத்தை? இரண்டும் கடையில் விற்ற கேசட்டுகள். இரண்டையும் காட்டத் தெரிந்தால்தான் எமுலேட்டர் ஓர் ஆவணம் ஆகும். பைஊ என்ற புனைபெயரில் இயங்கிய பிஎஸ்என்இஎஸ் எமுலேட்டரின் ஆசிரியர் இந்தச் சிப்புகளை உரித்துப் படிப்பதற்காக ரசிகர்களிடம் பணம் திரட்டினார். உள்நிரல் வந்த பிறகு ஊகத்துக்கு வேலை இல்லாமல் போயிற்று.

வழக்கு

1999 ஜனவரியில் நடந்த மேக்வேர்ல்ட் கண்காட்சியில் கனெக்டிக்ஸ் என்ற நிறுவனம் வெர்ச்சுவல் கேம் ஸ்டேஷன் என்ற மென்பொருளை அறிவித்தது. மேக் கணினியில் பிளேஸ்டேஷன் சிடி ஓடும். அதே மாதம் சோனி வழக்குத் தொடுத்தது. விற்ற பொருளில் சோனியின் நிரல் ஒரு வரிகூட இல்லை. கனெக்டிக்ஸ் பயாஸைத் தானே எழுதியிருந்தது. சோனியின் குற்றச்சாட்டு உருவாக்கிய விதத்தைப் பற்றியது. கனெக்டிக்ஸ் பொறியாளர்கள் கடையில் பிளேஸ்டேஷன் வாங்கி, சிப்பிலிருந்து பயாஸை எடுத்துக் கணினியில் ஏற்றி, தங்கள் எமுலேட்டரில் அதை மீண்டும் மீண்டும் ஓடவிட்டு அது எப்படி வேலை செய்கிறது என்று பார்த்தார்கள். ஒவ்வொரு முறை ஏற்றும்போதும் ஒரு நகல் உண்டாகிறது அல்லவா, அந்த நகல்தான் குற்றம் என்றது சோனி.

ஏப்ரலில் கீழ்நீதிமன்றம் சோனி பக்கம் நின்று விற்பனைக்குத் தடை போட்டது. 2000 பிப்ரவரி 10 அன்று ஒன்பதாம் வட்டார மேல்முறையீட்டு நீதிமன்றம் அதைத் தலைகீழாக்கியது. நிரலில் உள்ள, பதிப்புரிமைக்கு உட்படாத செயல்முறைகளைத் தெரிந்துகொள்ள வேறு வழி இல்லாதபோது, இடையில் எடுக்கும் நகல் நியாயமான பயன்பாடே என்றது. இதற்கு வழிகாட்டி 1992இல் அதே நீதிமன்றம் கன்சோல் செய்த செகாவுக்கும் விளையாட்டு செய்த அக்கோலேட்டுக்கும் இடையிலான வழக்கில் கொடுத்த தீர்ப்பு. அதுவும் கேம்பாய் சின்னம்போன்ற ஒரு முத்திரைப் பொறியில் சிக்கிய வழக்குத்தான். கனெக்டிக்ஸ் தேவைக்கு அதிகமான முறை நகலெடுத்தது என்ற வாதத்தையும் நீதிபதிகள் ஏற்கவில்லை. குறைந்த நகலுக்காக அதிக சிரமப்படுங்கள் என்று பொறியாளரை வற்புறுத்துவதில் பொருளில்லை என்பது அவர்கள் நிலை.

வழக்கில் தோற்ற சோனி 2001இல் அந்த மென்பொருளையே விலைக்கு வாங்கி மூடிவிட்டது. பிசியில் ஓடிய ப்ளீம் எமுலேட்டரும் சோனியோடு வழக்காடிக் களைத்து அதே ஆண்டு கடையைக் கட்டியது. தீர்ப்பு மட்டும் நின்றது. இன்றைய எமுலேட்டர்கள் தைரியமாக வெளியாவதற்கு அதுவும் ஒரு முதுகெலும்பு.

தீர்ப்பு கொடுக்காத ஒன்றும் உண்டு. அசல் பயாஸைப் பகிர்ந்துகொள்ளும் உரிமை. பிளேஸ்டேஷன் பயாஸ்மேல் சோனிக்கு உள்ள உரிமை அமெரிக்கக் கணக்கில் வெளியீட்டிலிருந்து 95 ஆண்டு. இந்தியாவில் 1957ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டம், 52ஆம் பிரிவில், சட்டப்படி நிரலை வைத்திருப்பவர் வேறு நிரல்களோடு ஒத்தியங்கத் தேவையான தகவலை எடுப்பதற்கும், அது எப்படி வேலை செய்கிறது என்று ஆராய்வதற்கும், சட்டப்படி பெற்றதைச் சொந்த உபயோகத்துக்கு நகலெடுப்பதற்கும் இடம் தருகிறது. அந்தத் தகவல் வேறு வழியில் எளிதாகக் கிடைக்கக் கூடாது என்பது போன்ற நிபந்தனைகளோடு. வலையில் ஏற்றி ஊருக்கெல்லாம் கொடுப்பதற்கு அங்கும் இடமில்லை. எமுலேட்டர் ஆசிரியர்களின் அந்த ஒற்றை வரி இங்கிருந்துதான் வருகிறது.

மாற்று பயாஸும் அசல் பயாஸும்

இந்தச் சிக்கலிலிருந்து வெளியேற, உரிமம் திறந்த மாற்று உள்நிரல்கள் வந்திருக்கின்றன. பிசிஎஸ்எக்ஸ்-ரீடக்ஸ் என்ற எமுலேட்டர் திட்டத்தின் ஓப்பன்பயாஸ் பிளேஸ்டேஷனுக்காகப் புதிதாக எழுதியது. எமுலேட்டரிலும் ஓடும், அசல் கருவியிலும் ஓடும். எச்எல்இ போல் காற்றில் நிற்காமல், விளையாட்டு தேடி வரும் அட்டவணைகளை உண்மையான மிப்ஸ் நிரலாகவே வைத்திருக்கிறது. விளையாட்டுகள் போடும் அந்த ஊசிகளை இனம்கண்டு அதற்கேற்ப நடந்துகொள்ளவும் அதில் ஏற்பாடு உண்டு. கேம்பாயில் சேம்பாய் எமுலேட்டர் தனக்கென்று திறந்த பூட் ரோம்களை வைத்திருக்கிறது.

இவை எனக்கு மிகவும் பிடித்த முயற்சிகள். விளையாட நினைப்பவருக்கு இவையே போதும் என்றுகூடச் சொல்வேன். ஆனால் ஓப்பன்பயாஸ் நன்றாக ஓடுவதாலேயே சோனியின் பயாஸைக் காக்க வேண்டியதில்லை என்று சிலர் வாதிடும்போது உடன்பட முடியவில்லை. மாற்று நிரலில் ஃபுஜிசாவாவின் ஓசை இல்லை, பழைய மெமரி கார்டுத் திரை இல்லை, முக்கியமாக அந்தப் பழைய பிழைகள் இல்லை. நூலகங்கள் ஏன் அப்படி மருந்து போட்டன என்பதை நாளைக்கு ஒருவர் ஆராய வந்தால், நோய் இருந்த நிரல் வேண்டும்.

வேடிக்கை என்னவென்றால், சோனியே 2018 டிசம்பரில் வெளியிட்ட பிளேஸ்டேஷன் கிளாசிக் என்ற சின்னப் பெட்டிக்குள் ஓடியது ஆர்வலர்கள் எழுதிய பிசிஎஸ்எக்ஸ் ரீஆர்ம்டு எமுலேட்டர்.

காப்பது என்று இறங்கினால் ஒரே பயாஸ் என்று எதுவும் இல்லை. ஜப்பான், அமெரிக்கா, ஐரோப்பா என்று மூன்று பிராந்தியம், 1.0 தொடங்கி, பின்னால் வந்த சின்ன பிளேஸ்டேஷனான பிஎஸ்ஒன் மாடலின் 4.5 வரை பதிப்புகள். எஸ்சிபிஎச்-1001 என்று பெட்டியில் ஒரே எண் இருந்தாலும் தயாரித்த காலத்தைப் பொறுத்து உள்ளே வேறு பதிப்பு இருக்கலாம். சிப்பிலிருந்து எடுத்த நகலான டம்ப் கோப்பை, பைட்டுகளை அப்படியே காட்டும் ஹெக்ஸ் எடிட்டரில் திறந்து தேடினால், சிஸ்டம் ரோம் வெர்ஷன் 2.2, 12/04/95 என்பதுபோல் ஆங்கிலத்தில் ஒரு வரி தென்படும். அந்த வரிதான் அதன் ஜாதகம்; கோப்பின் பெயரை யார் வேண்டுமானாலும் மாற்றிவைக்கலாம். அதையும் முழுதாக நம்ப முடியாது, ஏனென்றால் ஒரு பைட் கெட்டிருந்தாலும் அந்த வரி அப்படியே இருக்கும். ஒரே பதிப்பை வெவ்வேறு பெட்டிகளிலிருந்து வெவ்வேறு ஆட்கள் எடுத்து, அவற்றின் ஹாஷ் மதிப்பு, அதாவது உள்ளடக்கத்திலிருந்து கணக்கிட்ட கைரேகை போன்ற எண், ஒத்துப்போனால்தான் நல்ல டம்ப் என்று பட்டியலில் சேர்க்கிறார்கள். 1997இல் தொடங்கிய மேம் என்ற ஆர்கேட் எமுலேட்டர் திட்டம் இதில் கறார்: ஒவ்வொரு சிப்புக்கும் ஹாஷ் எழுதியிருக்கும், சந்தேகமானால் கெட்ட டம்ப் என்றும், இன்னும் எடுக்கவே இல்லையென்றால் டம்ப் இல்லை என்றும் மூல நிரலிலேயே குறித்திருக்கும்.

இதில் காலமும் ஓடிக்கொண்டிருக்கிறது, ஆனால் எல்லாச் சிப்புக்கும் ஒரே வேகத்தில் இல்லை. பிளேஸ்டேஷன், கேம்பாய் போன்றவற்றின் மாஸ்க் ரோமில் பிட்டுகள் தயாரிப்பின்போதே சிலிக்கானில் வடிவமாகிவிடுகின்றன. அவை எளிதில் மறைவதில்லை. மின்னேற்றமாகச் சேமிக்கும் ஈப்ரோம், ஃப்ளாஷ் வகைகள் அப்படி அல்ல. மேம்பாட்டாளர்களுக்காகச் செய்த முன்மாதிரிக் கருவிகள் பலவும் இந்த இரண்டாம் வகையில் உள்நிரலை வைத்திருப்பதால் அவற்றுக்குத்தான் அவசரம். முதல் எக்ஸ்பாக்ஸில் கடிகாரத்துக்காக வைத்த ஒரு கெப்பாசிட்டர் கசிந்து பக்கத்துப் பாதைகளை அரித்துவிடுகிறது. ரோம் நன்றாக இருந்தாலும் படிக்கப் போர்டு வேண்டுமே.

பயாஸ் என்று நாம் பெயர் வைத்த சிப்போடு கதை முடிவதும் இல்லை. செகா சாட்டர்னும் 1994இல் வந்தது. அதன் 512 கிலோபைட் பயாஸ் வெகு காலமாகவே கிடைக்கிறது. ஆனால் சிடி டிரைவை ஆள்வது எஸ்எச்-1 என்ற தனிச் செயலி. அதன் 64 கிலோபைட் நிரல் அந்தச் சிப்புக்குள்ளேயே பூட்டிக் கிடந்தது. எமுலேட்டர்கள் அதன் நடத்தையை வெளியிலிருந்து பார்த்தே போலச் செய்துவந்தன. வீடியோ சிடி கார்டு செருகுவதற்காகப் பின்புறம் விட்டிருந்த இடம் வழியாக ஒருவர் உள்ளே போய் அந்த நிரலை எடுத்தார். பரவலாகத் தெரியவந்தது 2016இல், கருவி வந்து 22 ஆண்டுகளுக்குப் பிறகு. சிடி இல்லாமல் எஸ்டி கார்டிலிருந்தே சாட்டர்ன் விளையாட்டுகளை ஓட்டும் சாதனம் அந்த வேலையிலிருந்துதான் பிறந்தது. டிரைவின் லென்ஸ் தேய்ந்துபோன பெட்டிகளுக்கு அது மறுவாழ்வு.

பழைய பிளேஸ்டேஷன் பரணில் கிடந்தால் அதன் பயாஸை எடுக்க இன்று சிப்பைக் கழற்ற வேண்டியதில்லை. அதில் ஓடும் சின்ன டம்ப் நிரல்கள் இருக்கின்றன. பின்புறச் சீரியல் போர்ட் வழியாகக் கணினிக்கு அனுப்பும். நொடிக்கு 1,15,200 பிட் வேகத்தில் 512 கிலோபைட் வந்து சேர முக்கால் நிமிடம் பிடிக்கும். பிஎஸ்ஒன் மாடலானால் அந்தப் போர்ட்டே கிடையாது, வேறு வழி பார்க்க வேண்டும். எடுத்த கோப்பின் ஹாஷைப் பட்டியலோடு ஒப்பிட்டுப் பாருங்கள். ஒத்துப்போகாவிட்டால் உடனே புதுப் பதிப்பு கிடைத்துவிட்டதென்று துள்ள வேண்டாம், கேபிளைச் சரியாகச் செருகி இன்னொரு முறை எடுங்கள். இரண்டு முறையும் ஒரே விடை வந்து, அதுவும் பட்டியலில் இல்லாத விடையாக இருந்தால், பெட்டியின் அடியில் ஒட்டியிருக்கும் மாடல் எண்ணையும் சீரியல் எண்ணையும் படமெடுத்து வைத்துக்கொள்ளுங்கள். சேகரிப்பாளர்கள் முதலில் கேட்பது அதைத்தான்.